பழைய பட்டன் போனிலும் பண்ணைப் பாடம் கேட்கலாம்

விதை நேர்த்தி முதல் ஆட்டுக்குக் குடற்புழு நீக்கம் வரை, பண்ணைச் செய்திகள் இந்நாளில் பெரும்பாலும் வீடியோ படங்களாகவும் வாட்ஸ்அப் குரல் செய்திகளாகவும் வருகின்றன. நல்ல செய்திகள்தாம். ஆனால் வயலில் நிற்பவர் கையில் இருக்கும் போனில் அவை ஓடுகின்றனவா என்பதைக் கவனிக்க வேண்டியுள்ளது.

திருவள்ளூர் மாவட்டத்தில், குறிப்பாகக் கும்மிடிப்பூண்டி சிப்காட் தொழிற்பேட்டையைச் சுற்றியுள்ள கிராமங்களில், இது முக்கியமான விஷயம். இப்பகுதியில் பல குடும்பங்களில் இளைஞர்கள் தொழிற்சாலைக்கு ஷிப்டு வேலைக்குச் செல்கிறார்கள். வீட்டிலுள்ள டச் போன் அவர்களோடு போய்விடுகிறது. நெல்லும் வேர்க்கடலையும் கறவை மாடும் பெற்றோர் பொறுப்பில் இருக்கின்றன. அவர்களிடம் இருப்பது பழைய பட்டன் போன். இரவு ஷிப்டு முடிந்து வந்த மகன் காட்டும் படத்தை ஒரு முறை பார்ப்பதோடு சரி. மறுநாள் மருந்து கலக்கும்போது அளவு நினைவில் நிற்பதில்லை. அளவு தவறினால் நஷ்டம் பயிருக்கு மட்டும் அல்ல, உடம்புக்கும்தான்.

இதற்காகப் புதிய போன் வாங்க வேண்டியதில்லை. வந்த படத்தையும் குரலையும் பழைய போன் ஏற்கும் வடிவத்துக்கு மாற்றி, மெமரி கார்டில் ஏற்றிக் கொடுத்தால் போதும். வரப்பில் உட்கார்ந்து எத்தனை முறை வேண்டுமானாலும் கேட்கலாம். டேட்டா செலவும் இல்லை, டவரும் தேவையில்லை.

குரல் வழிப் பாடம் புதிதல்ல

காதால் கேட்டுப் பயிர் செய்வது தமிழ்நாட்டு விவசாயிகளுக்குப் புதிதல்ல. 1960-களில் ஆடுதுறை 27 என்ற நெல் ரகத்தைத் தஞ்சை விவசாயிகள் திருச்சி வானொலியின் பண்ணை ஒலிபரப்பைக் கேட்டே பயிரிட்டார்கள். அதனால் அந்த ரகத்துக்கு ‘ரேடியோ நெல்’ என்றே பெயர் வழங்கியது.

செல்போன் காலத்திலும் இதற்கு உதாரணம் உண்டு. இப்கோ நிறுவனமும் ஏர்டெல் நிறுவனமும் சேர்ந்து 2007-ல் தொடங்கிய ‘இப்கோ கிசான் சஞ்சார்’ சேவையில், ஒரு நிமிட அளவிலான குரல் செய்திகள் விவசாயிகளின் சாதாரண போன்களுக்கே அனுப்பப்பட்டன. தேனி மாவட்டத்தில் ‘விடியல்’ என்ற தொண்டு நிறுவனம், காமன்வெல்த் கற்றல் அமைப்பின் துணையுடன், ஆடு வளர்க்கும் பெண்களுக்கு இவ்வாறே குரல் பாடங்களை அனுப்பியது. ஆடு மேய்த்துக்கொண்டே அவர்கள் பாடம் கேட்டார்கள். பாடம் சென்றடைவதற்குப் பெரிய திரை அவசியமில்லை என்பதை இந்த அனுபவம் காட்டியது.

பழைய போனில் ஏன் ஓடுவதில்லை?

மகன் போனில் நன்றாக ஓடும் படம், தகப்பனார் போனில் ‘இந்த பைல் ஏற்கப்படவில்லை’ என்று நின்றுவிடும். போன் கெட்டுவிட்டது என்று பலர் எண்ணுகிறார்கள். அது சரியல்ல.

வீடியோ பைல் என்பது நெல் மூட்டையைப் போன்றது. மூட்டையின் மேல் ஒரு பெயர் எழுதியிருக்கும். உள்ளே இருப்பது வேறு விஷயம். பைலின் பெயருக்குப் பின்னால் வரும் ‘எம்பி4’, ‘த்ரீஜிபி’, ‘ஏவிஐ’ ஆகியவை மூட்டையின் பெயர்கள். உள்ளே படமும் குரலும் எந்த முறையில் சுருக்கி வைக்கப்பட்டுள்ளன என்பது தனி. இந்தச் சுருக்கும் முறைக்கு ‘கோடெக்’ என்று பெயர். ஒரே எம்பி4 மூட்டைக்குள் பழைய முறையும் இருக்கலாம், புதிய முறையும் இருக்கலாம். புதிய முறையை விரித்துக் காட்டும் சக்தி பழைய போனின் சிப்புக்கு இல்லை.

எனவே பைலின் பெயரை மட்டும் மாற்றினால் பயன் இல்லை. சாக்கின் மேல் எழுதிய பெயரை அழித்து வேறு பெயர் எழுதினால் உள்ளே இருக்கும் நெல் மாறிவிடாது. உள்ளிருப்பதையே மாற்ற வேண்டும்.

வாட்ஸ்அப் குரல் செய்தியும் இப்படித்தான். அது ‘ஓபஸ்’ என்ற முறையில் வருகிறது. பழைய பட்டன் போன்களுக்கு ஓபஸ் தெரியாது. அதை எம்பி3-ஆக மாற்றிவிட்டால் ஓடும்.

அடுத்தது படத்தின் அளவு. இப்போது வரும் படங்களில் பல 1280-க்கு 720 புள்ளிகள் கொண்டவை. பழைய போனுக்கு உரிய படம் 176-க்கு 144 புள்ளிகள். அதாவது 36-ல் ஒரு பங்கு. பெரிய மதகிலிருந்து வரும் தண்ணீரை அப்படியே சிறு வாய்க்காலில் திருப்பினால் கரை உடையும். அளவைக் குறைத்துத்தான் விட வேண்டும்.

எந்தப் போனுக்கு எது?

மாற்றுவதற்கு முன் கையிலுள்ள போன் எந்த வகை என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.

முதல் வகை, 2003-ல் வந்த நோக்கியா 1100 போன்றவை. டார்ச் விளக்கு உண்டு, மெமரி கார்டு இல்லை. இவற்றில் பாடம் எதையும் ஏற்ற முடியாது. இவ்வகைப் போன் வைத்திருப்பவர்கள் கிசான் கால் சென்டருக்குப் பேசுவதே வழி. 2004-ல் தொடங்கிய இச்சேவையின் எண் 1800-180-1551. காலை 6 மணி முதல் இரவு 10 மணி வரை தமிழில் கேட்கலாம். கட்டணம் இல்லை.

இரண்டாவது வகை, மெமரி கார்டும் பாட்டுக் கேட்கும் வசதியும் உள்ள பட்டன் போன். இதற்கு எம்பி3 குரல் பாடம் ஏற்றது.

மூன்றாவது வகை, வண்ணத் திரையில் படம் பார்க்கக்கூடிய பழைய போன். இதற்கு ‘த்ரீஜிபி’ படம் ஏற்றது. இது செல்போன்களுக்கென்றே ஏற்படுத்தப்பட்ட வடிவம். மெமரி கார்டின் கொள்ளளவைச் சொல்லும் ‘ஜி.பி.’ வேறு, இது வேறு. குழப்பிக்கொள்ள வேண்டாம். மலிவு விலைப் போன்கள் சில ஏவிஐ படங்களையும் ஏற்கும்.

2017-ல் வந்த ஜியோபோன், பட்டன் போன் போலத் தோன்றினாலும் பழைய வகையைச் சேர்ந்தது அல்ல. அதில் சாதாரண எம்பி4 படங்கள் ஓடும்.

குரலா, படமா?

எல்லாப் பாடத்தையும் படமாக ஏற்ற வேண்டியதில்லை. நாள், அளவு, எடை, கலவை ஆகியவற்றுக்குக் குரலே போதும். கையால் செய்யும் வேலைக்குப் படம் தேவை.

ஒரு கிலோ நெல் விதைக்குச் சூடோமோனாஸ் 10 கிராம் என்று சொல்ல படம் வேண்டாம். ஆனால் கோனோவீடரை எப்படி முன்னும் பின்னும் தள்ளுவது, ஒற்றை நாற்றை எப்படி மேலாக வைத்து நடுவது என்பதைக் கண்ணால் பார்ப்பதே நல்லது.

இதில் ஓர் எச்சரிக்கை உண்டு. பெரிய படத்தில் எழுத்தாக ஓடும் விவரங்கள் சிறிய திரையில் படிக்க முடியாமல் போகும். திருந்திய நெல் சாகுபடிப் படத்தில் ‘22.5 செ.மீ. இடைவெளி, 14 நாள் நாற்று, ஏக்கருக்கு 3 கிலோ விதை’ என்று எழுத்தில் மட்டும் காட்டியிருந்தால், மாற்றிய பிறகு அது வெறும் கறையாகவே தெரியும். ஆகையால் படத்தை மாற்றும் இளைஞர்கள், அளவுகள் குரலில் சொல்லப்படுகின்றனவா என்று முதலில் கேட்டுப் பார்க்க வேண்டும். இல்லையெனில் அளவுகளைத் தாமே வாசித்து, போனில் பதிவு செய்து, தனி எம்பி3 பைலாகச் சேர்த்துக் கொடுக்கலாம்.

நிறத்தை வைத்து முடிவு செய்யும் காரியங்களுக்குப் பழைய போன் படத்தை நம்பக் கூடாது. தழைச்சத்து இட இலை வண்ண அட்டையைத்தான் வயலில் வைத்துப் பார்க்க வேண்டும். திரையில் தெரியும் பச்சை, அட்டையின் பச்சை ஆகாது. இலைப்புள்ளி நோய்களைப் பிரித்தறிவதும் அப்படியே. பாதித்த இலையை எடுத்துக்கொண்டு வேளாண்மை அலுவலரிடமோ, திரூரில் உள்ள வேளாண்மை அறிவியல் நிலையத்திடமோ காட்டுவதே நல்லது. டி.கே.எம். நெல் ரகங்களைத் தந்த நெல் ஆராய்ச்சி நிலையமும் திரூரிலேயே உள்ளது.

குரலை மட்டும் எடுக்கும் முறை

இதற்கு ஒரு கம்ப்யூட்டர் வேண்டும். 2011 முதல் அரசுப் பள்ளி மாணவர்களுக்கு வழங்கப்பட்ட இலவச மடிக்கணினி வீட்டில் இருந்தால் அதுவே போதுமானது. ‘விஎல்சி’ என்ற இலவச மென்பொருளை அதன் சொந்த இணையதளத்திலிருந்து மட்டும் இறக்கிக்கொள்ள வேண்டும். செல்போனில் உள்ள விஎல்சியில் மாற்றும் வசதி இல்லை. கம்ப்யூட்டரில்தான் செய்ய வேண்டும்.

1. வாட்ஸ்அப்பில் வந்த படத்தை அல்லது குரல் செய்தியைக் கம்ப்யூட்டருக்கு மாற்றிக்கொள்ளவும்.

2. விஎல்சியைத் திறந்து, ‘மீடியா’ என்ற பகுதியில் ‘கன்வர்ட் / சேவ்’ என்பதைத் தேர்ந்தெடுக்கவும்.

3. ‘ஆட்’ என்பதை அழுத்தி, மாற்ற வேண்டிய பைலைக் காட்டவும். பிறகு கீழே உள்ள ‘கன்வர்ட் / சேவ்’ பட்டனை அழுத்தவும்.

4. ‘புரொபைல்’ என்ற இடத்தில் ‘ஆடியோ – எம்பி3’ என்பதைத் தேர்ந்தெடுக்கவும்.

5. அருகில் உள்ள ஸ்பேனர் அடையாளத்தை அழுத்தி, ஆடியோ பகுதியில் ‘பிட்ரேட்’ 64 என்றும், ‘சேனல்’ 1 என்றும் மாற்றிக்கொள்ளவும். பேச்சுக்கு இது தாராளம்.

6. புதிய பைலுக்குப் பெயர் கொடுத்து ‘ஸ்டார்ட்’ அழுத்தவும். பழைய பைலின் பெயரையே கொடுத்தால் அது அழிந்துவிடக்கூடும். ஆகவே வேறு பெயர் கொடுக்க வேண்டும்.

நொடிக்கு 64 கிலோபிட் என்ற இந்த அளவில் 10 நிமிடப் பேச்சு 5 எம்.பி.க்கும் குறைவாகவே இடம் பிடிக்கும். 2 ஜி.பி. கார்டு ஒன்றில் இப்படி 400 பாடங்களுக்கு மேல் வைக்கலாம். ஓர் ஆண்டுப் பயிர்ப் பாடமும் கால்நடைப் பாடமும் அதில் அடங்கிவிடும்.

படமாக மாற்றும் முறை

த்ரீஜிபி படமாக மாற்ற ‘பார்மட் பேக்டரி’ போன்ற மென்பொருள் உதவும். அதில் வீடியோ பகுதியில் ‘த்ரீஜிபி’ என்பதைத் தேர்ந்தெடுத்து, கீழ்க்கண்ட அளவுகளை அமைக்க வேண்டும்.

படத்தின் முறை: எச்.263
படத்தின் அளவு: 176-க்கு 144
நொடிக்குப் படங்கள்: 15
படத்தின் பிட்ரேட்: 128
குரலின் முறை: ஏ.எம்.ஆர்.
குரலின் அளவு: 8000 ஹெர்ட்ஸ், ஒரே சேனல், பிட்ரேட் 12.2

ஏ.எம்.ஆர். என்பது தொலைபேசிப் பேச்சுக்கென்றே ஏற்பட்ட முறை. பாட்டு இதில் நன்றாக இராது. பேச்சு தெளிவாகக் கேட்கும்.

படத்தின் நீள அகல விகிதம் மாறாமல் வைக்கும் வசதியைத் தேர்ந்தெடுக்க மறக்கக் கூடாது. இல்லாவிட்டால் அகலமான படம் நெருக்கப்பட்டு, நிற்பவர் ஒல்லியாகத் தெரிவார். நாற்றுகளின் இடைவெளியும் நெருங்கித் தெரியும். இடைவெளியைக் காட்ட எடுத்த படமே இடைவெளியைத் தவறாகக் காட்டிவிடும். விகிதம் மாறாமல் வைத்தால் மேலும் கீழும் கறுப்புப் பட்டை வரலாம். அதனால் குற்றமில்லை.

நொடிக்கு ஒன்றரை மெகாபிட் கொண்ட 10 நிமிடப் படம் ஏறத்தாழ 112 எம்.பி. இருக்கும். மேற்கண்டபடி மாற்றினால் சுமார் பத்தரை எம்.பி.யில் அடங்கும்.

எல்லாப் படங்களையும் ஒரே நேரத்தில் மாற்றிவிட வேண்டாம். முதலில் ஒரு சிறிய படத்தை மாற்றி, போனில் ஓட்டிப் பார்க்க வேண்டும். ஓடினால் அதே அளவில் மற்றவற்றையும் மாற்றலாம். ஓடாவிட்டால் மூன்றாம் வகைப் போன் சிலவற்றில் எம்பி4 படமே ஓடும். அதற்கு 320-க்கு 240 என்ற அளவையும், எச்.264 முறையில் ‘பேஸ்லைன்’ என்ற எளிய வகையையும் முயன்று பார்க்கலாம்.

மெமரி கார்டில் கவனிக்க வேண்டியவை

மிகப் பழைய போன்கள் 2 ஜி.பி. வரையுள்ள கார்டையே ஏற்கும். 4 முதல் 32 ஜி.பி. வரையுள்ள கார்டு வகைக்கு 2006-ல்தான் விதிமுறை வந்தது. அதற்கு முந்தைய போன்களில் பெரிய கார்டு போட்டால் கார்டே தெரியாது. பெரிய கார்டு வாங்குவதற்கு முன் போனோடு கடைக்குச் சென்று போட்டுப் பார்த்து வாங்க வேண்டும். பாட்டு ஏற்றித் தரும் செல்போன் கடைகளிலும் இதைச் செய்து கொள்ளலாம்.

பைலுக்குப் பெயர் வைக்கும்போது ஆங்கில எழுத்தும் எண்ணும் மட்டும் பயன்படுத்துவது நல்லது. தமிழில் வைத்த பெயர் பழைய போன்களில் கட்டம் கட்டமாகத் தெரியும். முன்னால் 01, 02, 03 என்று எண் போட்டால் பாடங்கள் வரிசையாக வரும். படிக்கத் தெரியாதவர்களும் எண்ணை வைத்துப் பாடத்தைக் கண்டுகொள்வார்கள். ஒவ்வொரு பாடத்தின் தொடக்கத்திலும் ‘இது வேர்க்கடலைக்கு ஜிப்சம் இடும் பாடம்’ என்பதைப் போல ஒரு வரி பேசிச் சேர்த்தால் இன்னும் நல்லது.

ஒரு பாடம் ஐந்து நிமிடத்துக்கு மேல் போகாமல் இருப்பது நலம். பழைய போனில் இடையில் தள்ளிக் கேட்பது சிரமம். நீண்ட படமானால் நாற்றங்கால், நடவு, களை, உரம் என்று துண்டுகளாக்கிக் கொள்ளலாம்.

கம்ப்யூட்டரிலிருந்து கார்டை எடுக்கும்போது ‘இஜெக்ட்’ கொடுத்த பிறகே எடுக்க வேண்டும். அவசரத்தில் பிடுங்கினால் பைல்கள் கெட்டுவிடும். கார்டு இல்லாமல் ப்ளூடூத் மூலமும் அனுப்பலாம். மாற்றிய பைல் சிறியதாகையால் சில நிமிடங்களில் போய்ச் சேரும்.

பைலை எங்கே பெறுவது?

யூடியூப்பில் காணும் படங்களை அதன் அனுமதியின்றி இறக்குவது முறையல்ல. தயாரித்தவர்களிடம் கேட்டுப் பெறலாம். வேளாண்மை அறிவியல் நிலையத்துப் பயிற்சிக்குச் செல்லும்போது அலுவலரிடம் அனுமதி பெற்று, அவர் பேசுவதையே போனில் பதிவு செய்து கொள்ளலாம். நம் மாவட்டத்து மண்ணையும் மழையையும் அறிந்தவர் பேச்சு அதிகப் பயன் தரும். ‘அக்சஸ் அக்ரிகல்சர்’ என்ற பன்னாட்டு அமைப்பின் இணையதளத்திலும் தமிழில் பேசும் பண்ணைப் படங்கள் இலவசமாகக் கிடைக்கின்றன.

பழைய பாடம் ஆபத்தாகலாம்

முக்கியமான விஷயம் ஒன்று உள்ளது. வானொலியில் இன்று சொன்னதை நாளை திருத்திச் சொல்வார்கள். கார்டில் ஏற்றிய பாடம் தானாகத் திருந்தாது. ஐந்தாண்டுக்குப் பிறகும் அதையே சொல்லிக்கொண்டிருக்கும்.

எண்டோசல்பான் மருந்து 2011-ல் உச்ச நீதிமன்ற உத்தரவால் நிறுத்தப்பட்டது. நெல்லுக்கும் மற்றப் பயிர்களுக்கும் ஒரு காலத்தில் சொல்லப்பட்டு வந்த போரேட் குருணை, டிரையசோபாஸ், பாஸ்பாமிடான், டைக்குளோர்வாஸ் ஆகியவை 2020 டிசம்பர் 31 முதல் நாடு முழுவதும் தடை செய்யப்பட்டுள்ளன. அதற்கு முன் எடுத்த படத்தில் இந்தப் பெயர்கள் சிபாரிசாகவே வரும். படம் பொய் சொல்லவில்லை, காலம் மாறிவிட்டது. கேட்பவருக்கு அது தெரியாது. மூலையில் கிடக்கும் பழைய டப்பாவைத் தேடி எடுத்துவிடுவார்.

ஆகவே ஒவ்வொரு பைலின் பெயரிலும் அது பதிவான ஆண்டைச் சேர்க்க வேண்டும். ஆண்டு தெரியாத படத்தில் பூச்சி மருந்துப் பகுதி இருந்தால் அதை ஏற்றாமல் விடுவதே நல்லது. நடவு முறை, மூடாக்கு, அசோலா வளர்ப்பு போன்ற பாடங்கள் பழையனவானாலும் கெடுதல் இல்லை. மருந்துப் பாடங்களை மட்டும் ஆண்டுக்கு ஒரு முறை, சம்பாப் பட்டத்துக்கு முன்பாக, வேளாண்மை அலுவலரிடம் காட்டிச் சரிபார்த்து, ஒவ்வாதவற்றை அழித்துவிட வேண்டும். விதை நெல்லில் கலப்பைப் பொறுக்கி எடுப்பதைப் போன்றதுதான் இதுவும்.

ஒரு விடுமுறை நாள் வேலை

ஒரு படத்தை மாற்றச் சில நிமிடங்களே ஆகும். சிப்காட்டில் வேலை பார்க்கும் மகனோ, கல்லூரியில் படிக்கும் மகளோ வார விடுமுறையில் ஒரு மணி நேரம் ஒதுக்கினால், பருவம் முழுவதற்கும் வேண்டிய பாடங்களை ஏற்றித் தந்துவிடலாம். அக்கம்பக்கத்தார் கார்டுகளுக்கும் அதையே பிரதி எடுத்துக் கொடுக்கலாம்.

ஏற்றிய பிறகு ஒரு தடவை பெற்றோரிடம் போனைக் கொடுத்து, அவர்களையே பாடத்தைத் தேடி ஓட்டச் சொல்லிப் பார்க்க வேண்டும். பிள்ளைகள் அருகில் இல்லாதபோது, மருந்து கலக்கும் வாளியின் பக்கத்தில் நின்றுகொண்டு, சரியான அளவைத் தாமே கேட்டுக்கொள்ள அவர்களால் முடிய வேண்டும். முடிந்தால் வேலை முடிந்தது.